பிரிட்டன் நிலக்கரிச் சுரங்க வேலைநிறுத்தம் (1984-85): அந்த ஊர்களுக்கு என்ன ஆனது?

இளம்பரிதி எழுதியது:

1984 ஜூனில் ஆர்க்ரீவ் என்ற இடத்தில் போலீஸுக்கும் வேலைநிறுத்தம் செய்த சுரங்கத் தொழிலாளர்களுக்கும் நடந்த மோதலைப் பற்றி அதிகாரபூர்வ விசாரணை வைக்கப்போவதாக பிரிட்டன் அரசு 2025 ஜூலையில் அறிவித்தது. நாற்பது வருஷம் கழித்து! அதைப் படித்ததிலிருந்து அந்த வேலைநிறுத்தத்தைப் பற்றி இங்கே பேச வேண்டும் என்று மனசு அரித்துக்கொண்டே இருக்கிறது. தெரியாதவர்களுக்காகக் கதையை முதலில் சொல்லிவிடுகிறேன்.

1984 மார்ச் 1 அன்று, தெற்கு யார்க்‌ஷைரில் உள்ள கார்ட்டன்வுட் சுரங்கத்தை மூடப்போவதாக, அரசுச் சுரங்கங்களை நடத்திய தேசிய நிலக்கரி வாரியம் சொன்னது. இன்னும் ஐந்து வருஷத்துக்கு வேலை உண்டு என்று அங்கிருந்தவர்களுக்கு வாக்குக் கொடுத்திருந்தார்கள். பக்கத்துச் சுரங்கத்திலிருந்து ஆட்களை அங்கே மாற்றிக் கொஞ்ச நாள்தான் ஆகியிருந்தது. மார்ச் 6 அன்று முழுத் திட்டமும் வெளியே வந்தது: 20 சுரங்கங்கள், 20,000 வேலைகள். வாரியத்தின் தலைவர் இயன் மெக்ரெகர். அதற்கு முன் பிரிட்டிஷ் ஸ்டீலில் ஆட்குறைப்பு செய்து பேர் எடுத்தவர். யார்க்‌ஷைரும் ஸ்காட்லாந்தும் உடனே வேலையை நிறுத்தின. மார்ச் 12க்குள் அது நாடு தழுவிய போராட்டமாகிவிட்டது. ஏறத்தாழ ஒரு வருஷம். 1985 மார்ச் 3 அன்று சுரங்கத் தொழிலாளர் சங்கத்தின் பிரதிநிதிகள் மாநாடு 98க்கு 91 என்ற வாக்கில் வேலைக்குத் திரும்ப முடிவெடுத்தது. கையில் எந்த ஒப்பந்தமும் இல்லை.

அரசு 20 சுரங்கம் என்றது. எழுபதுக்கு மேல் மூடப்போகிறார்கள் என்றார் சங்கத் தலைவர் ஆர்தர் ஸ்கார்கில். அவர் பேச்சை நம்பாதீர்கள் என்று மெக்ரெகர் ஒவ்வொரு தொழிலாளியின் வீட்டுக்கும் கடிதம் அனுப்பினார். 2014 ஜனவரியில் பழைய அமைச்சரவைக் கோப்புகள் வெளியானபோது பார்த்தால், மூன்று வருஷத்தில் 75 சுரங்கங்களை மூடும் திட்டம் 1983லேயே பிரதமர் தாட்சரின் மேஜையில் இருந்திருக்கிறது.

சுரங்கத்தை மூடலாமா கூடாதா என்று எவ்வளவு வேண்டுமானாலும் வாதாடலாம். மூடிய பிறகு அந்த ஊர்களை அப்படியே விட்டுவிட்டுப் போனார்களே, அதை என்னால் ஏற்க முடியவில்லை. உங்கள் கருத்துகளைச் சொல்லுங்கள்.

நவீன்_திருச்சி எழுதியது:

நல்ல இழை அண்ணா. எனக்கு ஒரு அடிப்படைச் சந்தேகம். ஒரு வருஷம் சம்பளமே இல்லாமல் அவ்வளவு குடும்பங்கள் எப்படிச் சாப்பிட்டன? சங்கம் பணம் கொடுத்ததா?

ராமநாதன் எழுதியது:

நான் முப்பது வருஷம் தொழிற்சங்கத்தில் இருந்தவன். அந்தத் தொழிலாளர்கள் மேல் எனக்கு அளவு கடந்த மரியாதை உண்டு. தலைமை மேல் அது கிடையாது. காரணத்தைச் சொல்கிறேன்.

அந்தச் சங்கத்தின் விதிப்படி நாடு தழுவிய வேலைநிறுத்தத்துக்கு உறுப்பினர்களின் ரகசிய வாக்கெடுப்பு வேண்டும். 1982ல் இரண்டு முறை, 1983 மார்ச்சில் ஒரு முறை என்று மூன்று தடவை வாக்கெடுப்பில் வேலைநிறுத்தம் தோற்றிருந்தது. அதனால் 1984ல் அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. வட்டாரம் வட்டாரமாக வேலைநிறுத்தம் அறிவிக்கலாம் என்ற இன்னொரு விதியைப் பிடித்துக்கொண்டார்கள். நாட்டிங்ஹாம்ஷைர்க்காரர்கள் தனியாக வாக்கெடுப்பு நடத்தி, பெரும்பான்மையாக எதிர்த்து, வேலைக்குப் போனார்கள். அவர்களுடைய சுரங்கங்கள் வளமானவை. மூடுவிழாப் பட்டியலில் நம் பெயர் வராது என்று நம்பினார்கள். 1926 போராட்டம் முடிந்தபோதும் அதே வட்டாரத்தில்தான் சங்கம் உடைந்து தனிச் சங்கம் உருவானது. பழைய காயம் இருந்த இடம் என்று தெரிந்தே அந்தப் பக்கம் மறியல் படையை அனுப்பினார்கள். ஓலர்டனில் முதல் வாரத்திலேயே ஒரு இளைஞர் உயிர் போனது.

நேரம் அதைவிட மோசம். குளிர்காலம் முடிகிற மார்ச்சில் யாராவது நிலக்கரி வேலைநிறுத்தம் தொடங்குவார்களா? 1972லும் 1974லும் குளிர்காலத்தில் தொடங்கினார்கள், ஜெயித்தார்கள். 1974ல் நாட்டையே வாரத்துக்கு மூன்று நாள் வேலை என்ற நிலைக்குக் கொண்டுவந்தார்கள்; அப்போதைய பிரதமர், கன்சர்வேடிவ் கட்சியின் ஹீத், தேர்தலில் தோற்று வீட்டுக்குப் போனார். அதை மறக்காத அந்தக் கட்சிதான் தன் எம்.பி. நிக்கோலஸ் ரிட்லியை வைத்து எதிர்க்கட்சியாக இருந்தபோதே திட்டம் போட்டது. மின்நிலையங்களில் நிலக்கரியைக் குவித்து வை, எண்ணெயிலும் ஓடும்படி கொதிகலன்களை மாற்று, சங்கத்தில் இல்லாத லாரி ஓட்டுநர்களைப் பிடி, வேலைநிறுத்தம் செய்கிறவனுக்கு அரசுப் பணம் போகாமல் பார், நடமாடும் போலீஸ் படையைத் தயார் செய். எல்லாம் எழுதி வைத்திருந்தார்கள். அது 1978லேயே பத்திரிகையில் கசிந்தும் விட்டது. எதிரி தயாராக நிற்கும் களத்தில், உன் படையில் ஒரு பகுதி சேராதபோது ஏன் இறங்க வேண்டும்?

மலர்விழி எழுதியது:

ராமநாதன் ஐயா, நேரத்தை அவர்கள் தேர்ந்தெடுக்கவில்லை. கார்ட்டன்வுட்டை மார்ச்சில் மூடுகிறேன் என்று சொன்னது வாரியம். அக்டோபர் வரை பொறுத்திருங்கள் என்று அந்த ஊரிடம் எந்தத் தலைவர் போய்ச் சொல்ல முடியும்? வாக்கெடுப்பு விஷயத்தில் உங்களோடு நான் பாதி தூரம் வருவேன். அதற்கு மேல் வர மாட்டேன்.

நவீன், நீங்கள் கேட்டதற்கு வருகிறேன். சங்கம் வேலைநிறுத்தப் படி எதுவும் தரவில்லை. மறியலுக்குப் போகிறவர்களுக்கு மட்டும் சில்லறைக் காசு. ஆனால் 1980ல் வந்த சட்டம், சங்கம் படி தருவதாகவே வைத்துக்கொண்டு குடும்பத்துக்குக் கிடைக்க வேண்டிய உதவித்தொகையில் வாரம் 15 பவுண்டைக் கழித்தது. வராத பணத்தை வந்ததாகக் கணக்கெழுதிப் பிடித்தார்கள். கல்யாணமாகாத தொழிலாளிக்கு ஒன்றுமே கிடையாது.

அப்புறம்தான் பெண்கள் வந்தார்கள். தொழிலாளர் நல மன்றங்களிலும் தேவாலயக் கூடங்களிலும் கஞ்சித்தொட்டி திறந்தார்கள். நம் ஊரில் நெசவாளர்கள் வேலையிழந்தபோது திறப்பார்களே, அதே மாதிரி. தினமும் நூற்றுக்கணக்கானோருக்குச் சூடான சாப்பாடு. வாரத்துக்கு ஒரு பை மளிகை: ரொட்டி, உருளைக்கிழங்கு, டின்னில் அடைத்த பீன்ஸ், தேயிலை. நகரங்களில் உண்டியல் குலுக்கி நிதி திரட்டினார்கள். 1984 மே மாதம் பார்ன்ஸ்லியில் பெண்கள் மட்டும் ஆயிரக்கணக்கில் ஊர்வலம் போனார்கள். அதுவரை மேடை ஏறாத பெண்கள் நாடு முழுக்கப் போய்ப் பேசினார்கள். சிலர் அதன் பிறகு கல்லூரியில் சேர்ந்து படித்தார்கள், சிலர் உள்ளூராட்சிக்குப் போனார்கள். சில கல்யாணங்கள் உடைந்தும் போயின. இதையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும்.

லண்டனிலிருந்து ஓரினச் சேர்க்கையாளர்கள் குழு ஒன்று தெற்கு வேல்ஸின் டூலைஸ் பள்ளத்தாக்குக்குப் பணம் திரட்டிக் கொடுத்தது. 1985ல் லண்டனில் நடந்த அவர்களுடைய பேரணியில் வேல்ஸ் சுரங்கத் தொழிலாளர்கள் தங்கள் சங்கப் பதாகையோடு முன்வரிசையில் நடந்தார்கள். 1980களில் அந்த இரண்டு கூட்டமும் ஒன்றாக நடக்கும் என்று யாரும் நினைத்திருக்க மாட்டார்கள்.

குளிர்தான் கொடுமை. சுரங்கத் தொழிலாளிக்கு வாரியம் வீட்டுக்கு நிலக்கரி கொடுக்கும். வேலைநிறுத்தத்தில் அதுவும் நின்றது. நிலக்கரி வெட்டுகிறவன் வீட்டில் அடுப்பெரியவில்லை. கழிவு மேடுகளிலும் ரயில் பாதைக் கரைகளிலும் தோண்டிப் பொறுக்கினார்கள். 1984 நவம்பரில் கோல்ட்தார்ப்பில் அப்படிப் பொறுக்கப் போன அண்ணன் தம்பி இரண்டு பேர், 15 வயதும் 14 வயதும், கரை சரிந்து இறந்துபோனார்கள். இந்த ஒரு செய்தியை என்னால் கடந்து போகவே முடிவதில்லை.

கடைக்காரன் எழுதியது:

வணக்கம். யாழ்ப்பாணத்தில் பிறந்த நான் இருபது வருஷத்துக்கு மேலாக பார்ன்ஸ்லிக்குப் பக்கத்தில் ஒரு பழைய சுரங்க ஊரில் மூலைக்கடை வைத்திருக்கிறேன். வேலைநிறுத்தத்தை நான் பார்க்கவில்லை. அதன் மிச்சத்தோடுதான் ஒவ்வொரு நாளும் கடை திறக்கிறேன்.

வந்த புதிதில் எனக்கு ஒன்று விளங்கவில்லை. காலையில் பத்திரிகை வாங்க வரும் ஒரு வயதானவர், இன்னொரு வயதானவர் உள்ளே வந்தால், எடுத்த பாலைக் கல்லாவில் அப்படியே வைத்துவிட்டு வெளியே போய் நிற்பார். அவர் போன பிறகுதான் திரும்பி வந்து காசு கொடுப்பார். ஏதோ காணிப் பிரச்சினை என்று நினைத்தேன். பிறகு ஒரு அம்மா சொன்னா: உள்ளே வந்தவர் 1985 ஜனவரியில் வேலைக்குத் திரும்பினவர். ஜன்னலுக்குக் கம்பிவலை அடித்த பஸ்ஸில், போலீஸ் பாதுகாப்போடு. இரண்டு பேரும் ஒரே வகுப்பில் படித்தவர்கள். பத்து மாதம் சேர்ந்து பட்டினி கிடந்தவர்கள். அந்தப் பத்து மாதம் கணக்கில் இல்லை, கடைசி ஏழு வாரம்தான் கணக்கு. "கருங்காலி" என்று அவருடைய வீட்டுச் சுவரில் எழுதினவையாம். அவர் இறந்தபோது ஊர்ச் சனத்தில் பாதி செத்தவீட்டுக்குப் போகவில்லை.

அதற்காக வெளியே போய் நின்றவரைப் பிழை என்று சொல்ல எனக்கு மனம் வராது. அவருடைய வீட்டையும் அந்தக் குளிர்காலத்தில் விற்றவர்கள். காரும் போனது, தளபாடமும் போனது. சுரங்கத்துக்குள் உன் உயிர் பக்கத்தில் நிற்பவன் கையில் இருக்கு, அவனை நம்பாமல் கீழே இறங்கேலாது என்று அவர் ஒருமுறை எனக்குச் சொன்னார். அந்த நம்பிக்கை உடைந்ததைத்தான் அவர் மன்னிக்கவில்லை.

அருள்மொழி_பொருளியல் எழுதியது:

எல்லாம் நெகிழ்ச்சியாக இருக்கிறது. ஆனால் கணக்கையும் பார்க்க வேண்டும். பல சுரங்கங்கள் பெரிய நஷ்டத்தில் ஓடின. இறக்குமதி நிலக்கரி மலிவு. வட கடலில் எரிவாயு கிடைத்துவிட்டது. 1960களில் தொழிற்கட்சியின் வில்சன் ஆட்சியில் மூடிய சுரங்கங்கள் தாட்சர் காலத்தில் மூடியதைவிட அதிகம், அப்போது யாரும் இவ்வளவு சத்தம் போடவில்லை. இன்றைக்குப் பருவநிலைக்காக நிலக்கரியே வேண்டாம் என்கிறோம். 2024 செப்டம்பர் 30 அன்று ராட்கிளிஃப் நிலையத்தை மூடியதோடு பிரிட்டனில் நிலக்கரி மின்சாரமே முடிந்தது. எப்படியும் போகப்போகிற தொழிலைப் பிடித்து வைத்திருந்தால் யாருக்கு லாபம்?

இளம்பரிதி எழுதியது:

அருள்மொழி, வில்சன் காலத்தை நீங்களே எடுத்தது நல்லதாகப் போயிற்று. 1960களில் ஒரு சுரங்கம் மூடினால் அடுத்த சுரங்கத்தில் வேலை இருந்தது. கார் தொழிற்சாலை, எஃகு ஆலை, கட்டுமானம் என்று போக இடம் இருந்தது. வேலையில்லாத் திண்டாட்டம் மிகக் குறைவு. 1984ல் முப்பது லட்சம் பேர் வேலையில்லாமல் இருந்தார்கள். எஃகு ஆலைகளும் அதே வட்டாரத்தில் மூடிக்கொண்டிருந்தன. ஒரு சுரங்க ஊரில் சுரங்கத்தை எடுத்துவிட்டால் மீதம் என்ன? கடை, மதுக்கூடம், பஸ், பள்ளி எல்லாம் அந்தச் சம்பளத்தில் ஓடியவை.

எப்படியும் போக வேண்டிய தொழில் என்றே வைத்துக்கொள்வோம். ஜெர்மனியைப் பாருங்கள். 1957ல் அங்கே ஆழத்தில் வெட்டும் கடின நிலக்கரிச் சுரங்கங்களில் ஆறு லட்சம் பேர் வேலை செய்தார்கள். இன்றைக்கு ஒருவர்கூட இல்லை. கடைசிச் சுரங்கமான ப்ராஸ்பர்-ஹானியலை 2018 டிசம்பர் 21 அன்று மூடினார்கள். அறுபது வருஷமாக இழுத்து இழுத்து இறக்கினார்கள். 1968ல் தனித்தனி நிறுவனங்களை ஒன்றாக்கினார்கள். ஒரு சுரங்கம் மூடினால் ஆட்களை இன்னொன்றுக்கு மாற்றினார்கள். வயதானவர்களுக்கு முன்கூட்டியே ஓய்வூதியம், இளையவர்களுக்கு வேறு தொழிலில் பயிற்சி. 2007ல் அரசும் நிறுவனமும் சங்கமும் சேர்ந்து உட்கார்ந்து 2018ல் முடிப்பது என்று நாள் குறித்தார்கள், கட்டாய ஆட்குறைப்பு இல்லை என்ற நிபந்தனையோடு. பல்கலைக்கழகமே இல்லாதிருந்த, சுரங்கங்கள் நிறைந்த ரூர் பகுதியில் 1960களில் போகும் நகரில் பல்கலைக்கழகம் கட்டினார்கள். செலவு மிகப் பெரியது, கோடிக்கணக்கான யூரோ மானியம் போனது, இன்றும் அங்கே வறுமை உண்டு. இருந்தாலும் ஒரே தெருவில் இருக்கிற இரண்டு பேர் நாற்பது வருஷம் முகம் பார்க்காமல் இருக்கும் நிலை அங்கே வரவில்லை.

பிரிட்டனும் செலவு செய்தது. வேலைநிறுத்தத்தை முறியடிக்க எண்ணெய் எரிக்கவும் போலீஸுக்கும் தண்ணீராகச் செலவழித்தார்கள். மூடிய பிறகு உதவித்தொகையாகவும் ஊனமுற்றோர் படியாகவும் முப்பது வருஷம் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். வேலையில்லாதவர்கள் பட்டியலில் எண்ணிக்கை கூடாமல் இருக்க, முதுகுவலியும் இருமலும் இருந்த முன்னாள் தொழிலாளர்களை நோய்ப் படிக்கு மாற்றிவிட்டார்கள் என்பதை ஷெஃபீல்ட் ஹாலம் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் வருஷக்கணக்காக எழுதிவந்தார்கள். பருவநிலைக்காக மூடியிருந்தால் அதற்குப் பதிலாக வெளிநாட்டு நிலக்கரியை ஏன் இறக்குமதி செய்தார்கள்?

நவீன்_திருச்சி எழுதியது:

வேலைக்குப் போன நாட்டிங்ஹாம்ஷைர் சுரங்கங்கள் தப்பித்தனவா?

ராமநாதன் எழுதியது:

இல்லை தம்பி. அவர்கள் 1985ல் தனிச் சங்கம் கண்டார்கள், அரசின் பாராட்டைப் பெற்றார்கள். 1992 அக்டோபரில் அமைச்சர் மைக்கேல் ஹெசல்டைன் 31 சுரங்கங்களை மூடும் பட்டியலை வாசித்தபோது அவர்களுடையவையும் அதில் இருந்தன. அந்த வட்டாரத்தின் கடைசிச் சுரங்கமான தோர்ஸ்பி 2015ல் மூடியது. அதே ஆண்டு டிசம்பரில் யார்க்‌ஷைரின் கெல்லிங்லி மூடியதோடு நாட்டின் ஆழ்சுரங்கங்கள் எல்லாம் முடிந்தன.

ஜெயிக்க ஒரு வாய்ப்பு வந்தது என்பதையும் சொல்ல வேண்டும். சுரங்கப் பாதுகாப்பு மேற்பார்வையாளர்களுக்குத் தனிச் சங்கம் உண்டு. அவர்கள் இல்லாமல் சட்டப்படி எந்தச் சுரங்கமும் இயங்க முடியாது. 1984 அக்டோபரில் அவர்கள் 82 சதவீத வாக்கோடு வேலைநிறுத்தத்துக்குத் தயாரானார்கள். போயிருந்தால் நாட்டிங்ஹாம்ஷைரும் நின்றிருக்கும். மூடும் முன் பரிசீலனை என்று ஒரு காகிதத்தைக் கொடுத்ததும் பின்வாங்கிவிட்டார்கள். அந்தப் பரிசீலனை பிறகு ஒரு சுரங்கத்தையும் காப்பாற்றவில்லை. அதே அக்டோபரில் நீதிமன்றம் சங்கத்தின் சொத்தையும் முடக்கியது. வாக்கெடுப்பு வைத்திருந்தால் அந்த வழக்குகளுக்கே இடம் இருந்திருக்காது என்பது என் உறுதியான எண்ணம்.

மலர்விழி எழுதியது:

வாக்கெடுப்பு வைத்திருந்தால் வேறு காரணம் கண்டுபிடித்திருப்பார்கள் ஐயா. தென்கிழக்கே உள்ள கென்ட் தொழிலாளர்கள் வடக்கே மறியலுக்குப் போகக் கூடாது என்று, தேம்ஸ் ஆற்றுக்கு அடியில் போகும் டார்ட்ஃபோர்ட் சாலைச் சுரங்கப்பாதையிலேயே, மறியல் இடத்துக்கு நூறு மைலுக்கு முன்பே, போலீஸ் வழிமறித்தது. எந்தச் சட்டத்தில் அது?

ஆர்க்ரீவ் என்பது ஷெஃபீல்டுக்குப் பக்கத்தில் இருந்த கற்கரி (எஃகு ஆலைகளுக்காக நிலக்கரியைச் சுட்டு எடுக்கும் எரிபொருள்) ஆலை. 1984 ஜூன் 18, நல்ல வெயில். ஆயிரக்கணக்கான தொழிலாளர்கள் டி-சர்ட்டும் செருப்புமாக வந்தார்கள். அன்றைக்கு மட்டும் போலீஸ் யாரையும் தடுக்கவில்லை, வண்டி நிறுத்த இடம் காட்டியது. அப்புறம் குதிரைப்படையை ஏவிவிட்டார்கள். 95 பேர் மேல் கலவரம், சட்டவிரோதக் கூட்டம் என்று வழக்கு. கலவர வழக்கில் ஆயுள் தண்டனை வரை போகலாம். 1985ல் விசாரணை நடக்கும்போதே வழக்கு குலைந்தது. வேறு வேறு போலீஸ்காரர்களின் வாக்குமூலங்களில் ஒரே வாசகங்கள் இருந்தன, யாரோ சொல்லச் சொல்ல எழுதியவை. 1991ல் 39 பேருக்கு 4,25,000 பவுண்டு நஷ்டஈடு கொடுத்தார்கள். தவறு என்று ஒப்புக்கொள்ளவில்லை, ஒரு போலீஸ்காரர் மேலும் நடவடிக்கை இல்லை. நடுவில் 1989ல் ஹில்ஸ்பரோ மைதான நெரிசலில் அதே தெற்கு யார்க்‌ஷைர் போலீஸ், அதே மாதிரி வாக்குமூலங்களைத் திருத்தியது. 1985லேயே கேள்வி கேட்டிருந்தால் அந்தக் குடும்பங்கள் அவ்வளவு வருஷம் நீதிக்கு அலைந்திருக்க வேண்டியதில்லை.

செந்தில்_கார்டிஃப் எழுதியது:

வேல்ஸ் பக்கத்திலிருந்து கொஞ்சம். ரோண்டாவின் மார்டி ஊரில் ஒரு வருஷமும் ஒருவர்கூட வேலைக்குத் திரும்பவில்லை. 1985 மார்ச் 5 விடியற்காலையில் வாத்தியக் குழு முன்னே போக, சங்கப் பதாகையைத் தூக்கிக்கொண்டு, ஊரே பின்னால் நடந்து அவர்களைச் சுரங்க வாசலில் கொண்டுபோய் விட்டது. 1990 டிசம்பரில் அதை மூடினார்கள்.

அருள்மொழி சொல்லும் நஷ்டக் கணக்குக்கு டவர் சுரங்கம்தான் பதில். லாபம் வராது என்று சொல்லி 1994ல் மூடினார்கள். 239 தொழிலாளர்கள் ஆளுக்கு 8,000 பவுண்டு, தங்கள் ஆட்குறைப்புப் பணத்திலிருந்து போட்டு, அதை வாங்கினார்கள். 1995 ஜனவரியில் திறந்தார்கள். நிலக்கரி தீரும் வரை, 2008 ஜனவரி வரை, பதிமூன்று வருஷம் நடத்தினார்கள். "லாபம் வராது" என்று எழுதிய அதே சுரங்கம்!

அருள்மொழி_பொருளியல் எழுதியது:

டவர் நல்ல உதாரணம்தான், ஆனால் ஒன்றே ஒன்று. எல்லாச் சுரங்கமும் டவர் ஆகியிருக்காது. ஜெர்மனி விஷயத்தில் நீங்கள் சொல்வது எனக்குச் சரியாகப் படுகிறது. மூடுவதற்கு அறுபது வருஷம் எடுத்துக்கொள்வதும் ஒரு வருஷத்தில் அடித்து முடிப்பதும் ஒரே பொருளாதாரம் இல்லை. கடைக்கார அண்ணா, இப்போது அங்கே என்ன வேலை இருக்கிறது?

கடைக்காரன் எழுதியது:

கார்ட்டன்வுட் சுரங்கம் இருந்த இடத்தில் இப்போது கடைத்தொகுதி. ஆர்க்ரீவில் புது வீடுகள், பெயரையும் மாற்றிவிட்டினம். டார்பிஷைரில் ஷைர்புரூக் சுரங்கத்தின் மேல் மிகப் பெரிய கிடங்கு ஒன்று. இங்கேயும் பெடியளுக்குக் கிடங்கு வேலைதான். ஏஜென்சி மூலம், இந்த வாரம் எத்தனை மணித்தியாலம் என்று ஞாயிற்றுக்கிழமை இரவுதான் தெரியும். அப்பனுக்குச் சுரங்கத்தில் இருந்த சம்பளம், சங்கம், விளையாட்டு மைதானம், பாண்ட் வாத்தியம் ஒன்றும் இல்லை. நான் வந்தபோது போதைமருந்து ஊரைப் பிடித்திருந்தது. கிரைம்தார்ப் என்ற சுரங்க ஊரை 1990களில் ஐரோப்பாவிலேயே மிக வறிய இடங்களில் ஒன்று என்று சொன்னவர்கள். அந்த ஊர் பாண்ட், சுரங்கத்தை மூடப்போவதாக அறிவித்த அதே மாதம் தேசியப் போட்டியில் முதலிடம் வந்தது. பாண்ட் இன்றும் இருக்கு.

ஒரு நல்ல விஷயமும் சொல்ல வேணும். 1994ல் சுரங்கங்களைத் தனியாருக்குக் கொடுத்தபோது தொழிலாளர் ஓய்வூதிய நிதியின் உபரியில் பாதியை அரசு எடுத்துக்கொள்ளும் என்று ஏற்பாடு செய்தவர்கள். முப்பது வருஷமாக எடுத்தது. 2024 அக்டோபர் பட்ஜெட்டில்தான் ஒதுக்கி வைத்திருந்த 150 கோடி பவுண்டைத் திருப்பிக் கொடுத்தார்கள், ஓய்வூதியம் 32 சதவீதம் கூடியது. அந்த மாதம் கடையில் சிலர் கடன் கொப்பியைத் தீர்த்தார்கள். எத்தனையோ பேர் அதற்கு முன்னமே நுரையீரல் நோயில் போய்விட்டார்கள்.

நவீன்_திருச்சி எழுதியது:

அடுத்த வருஷம் வேலை விஷயமாக லீட்ஸ் வருகிறேன். இதில் எதையாவது நேரில் பார்க்க முடியுமா அண்ணா?

கடைக்காரன் எழுதியது:

வேக்ஃபீல்டுக்குப் பக்கத்தில் கேப்ஹவுஸ் என்ற பழைய சுரங்கத்தில் தேசிய நிலக்கரிச் சுரங்க அருங்காட்சியகம் இருக்கு. லீட்ஸிலிருந்து கிட்ட. நிலத்துக்கடியில் கூட்டிக்கொண்டு போவார்கள், கூட்டிக்கொண்டு போறவை பலர் முன்பு சுரங்கத்தில் வேலை செய்தவர்கள்தான். அவர்களிடம் 84ஐப் பற்றிக் கேளுங்கோ, சொல்லுவினம். ஜூலையில் வந்தால் டரம் நகரில் சுரங்கத் தொழிலாளர் பெருவிழா, மூடின ஊர்களெல்லாம் பதாகையோடு வரும். வரும்போது எனக்கு ஒரு தனிமடல் போடுங்கோ, கடைக்கும் வாருங்கோ.